பக்கம் புரளாத நடுப்பகுதி

மகள் வீட்டில் இருக்கும் என் மனைவிக்கு,

எங்கே ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது?

நாம் இந்த நாட்டுக்குக் குடிவந்த வருடம் பதிவான என் முதல் பியானோ இசைத்தட்டை மறுபடி வெளியிடுகிறார்களாம். கேட்டுப் பார்க்கக் கூப்பிட்டார்கள், போனேன்.

அன்று பதிவின்போது எனக்குக் காய்ச்சல் என்று நடுப்பகுதியை நீ வாசித்தாய். மறுநாள் அதையே நானும் வாசித்தேன். எது தட்டில் ஏறியது என்று நான் கேட்கவே இல்லை. எல்லோரும் அந்த நடுப்பகுதியைத்தான் புகழ்ந்தார்கள். அதன் பிறகு நீ பியானோ மூடியைத் திறக்கவில்லை. குழந்தை பிறந்ததால்தானே?

முதல் பகுதியிலும் கடைசியிலும் நீ எனக்குப் பக்கம் புரட்டும் சத்தம் லேசாகக் கேட்கிறது. நடுவில் இல்லை. நான் இசைக்குறிப்புத் தாளைப் பார்க்காமல் வாசித்ததே கிடையாது. நீ பார்த்து வாசித்ததே கிடையாது.

“நடுவுல மட்டும் பேப்பர் சத்தத்தை எடுத்துட்டீங்களா?” என்று ஒலிப்பதிவாளரிடம் கேட்டேன்.

“எடுக்கறதா இருந்தா எல்லாத்துலயும் எடுத்திருப்போமே சார்” என்றார்.

என் காது மந்தமாகிவிட்டது என்று வைத்துக்கொள்ளலாமா? மூன்று முறை கேட்டேன்.

முழுவதும் வாசித்தது நானே என்று ஒரு படிவத்தில் கையெழுத்துக் கேட்டார்கள். பேனாவை மூடி வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

உனக்கு இது தெரியுமா? என் விரல் நோகக்கூடாது என்று ஒவ்வொரு கச்சேரிக்கும் சட்டைப் பொத்தானை நீதானே போட்டுவிடுவாய். அப்போதெல்லாம் தெரியுமா?

இன்னும் உன் வீட்டுக்காரன்தானா என்று புரியாத,
நான்