ஒரு வாரம் ஊற வேண்டிய முட்டை

குவைத்
12.3.1986

இயேசு மரி சூசை துணை.

அன்புள்ள ரோசம்மாவுக்கு மதலைமுத்து எழுதுவது. நான் சுகமாக இருக்கிறேன். நீயும் பிள்ளைகளும் சுகமா? அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்ததா? அப்பாவுக்கு என் தோத்திரம் சொல்.

இரண்டு வருடமாக என் அறையில் இருக்கும் மொரப்பூர் சென்றாயன் லீவில் ஊருக்கு வருகிறான். அவனுக்காக முந்தாநாள் முட்டை ஊறுகாய் போட்டேன். மெஸ்ஸில் சமைக்கும் கோவாக்காரர் சொல்லிக்கொடுத்தது. அவித்து உரித்த முட்டைமேல், உப்பும் சர்க்கரையும் மிளகும் போட்டுக் காய்ச்சிய வினிகரை ஊற்றி பிரிட்ஜில் வைக்க வேண்டும். கொதிக்கக் கொதிக்க ஊற்றியதில் பாட்டில் வெடித்து, கை கொஞ்சம் வெந்துவிட்டது. பயப்படாதே. எழுத்து கோணலாக இருப்பது அதனால்தான்.

“முட்டையில ஊறுகாயா? வூட்டுல சொன்னா சிரிப்பாங்கண்ணா” என்று சொல்லிக்கொண்டே சென்றாயன்தான் மருந்து தடவிக் கட்டுப் போட்டான். பிறகு வேறு பாட்டிலில் பத்து முட்டை போட்டோம். அது ஊற ஒரு வாரம் ஆகும் என்று கோவாக்காரர் பிறகுதான் சொன்னார். அவனோ இன்றைக்கே கிளம்புகிறான். இனி பத்தையும் நான் ஒருவனே தின்ன வேண்டும்.

இந்தக் கடிதத்தோடு அவன் பொம்மிடிக்கு வருவான். சோறு போடாமல் அனுப்பாதே. திரும்பும்போது அவனிடம் புளியும் கொள்ளும் கொடுத்தனுப்பு. ஒரு கேசட்டில் பேசியும் அனுப்பு. என்ன பேசுவதென்று தெரியாவிட்டால், டேப்பை ஓடவிட்டுவிட்டு நீ பாட்டுக்கு அடுப்படி வேலையைப் பார். அது போதும்.

ஏர்போர்ட் வேன்காரன் ஹாரன் அடிக்கிறான். முடிக்கிறேன்.

மதலைமுத்து