அக்கா சிரிக்காத நாடகம்

என் அக்காவைச் சிரிக்க வைத்தே கட்டிக்கொண்ட மச்சானுக்கு,

அக்காவும் பிள்ளைகளும் இந்தியா போயே ஆகவேண்டும் என்று உத்தரவு வந்துவிட்டது. நீங்கள் உயிரோடு இருந்தபோது போட்ட இலங்கைப் பிரஜாவுரிமை மனு, நீங்கள் போன பிறகு தள்ளுபடியாகி வந்திருக்கிறது. தனியாக மனுப் போட்ட நான் மட்டும் இங்கேயே இருக்கலாமாம். இது என்ன நியாயம் மச்சான்?

"போறதுக்குள்ள அவரு நாடகத்த ஒரு தடவ பார்த்து சிரிச்சிட்டுப் போறேன்டா" என்றாள் அக்கா. அதற்காகவே கோயில் திருவிழாவில் நீங்கள் கட்டின நாடகத்தைப் போட்டோம். வழக்கம்போல நான் சேலை கட்டித் தோட்டத்துக் கங்காணியின் பெண்டாட்டி. உங்கள் கங்காணி வேஷம் ஆறுமுகத்துக்கு. உங்கள் கோட்டு அவனுக்குத் தொளதொளவென்று கிடந்தது.

கடைசிக் காட்சியில் பெண்டாட்டி கேட்பாளே, "ஏங்க, நம்ம ஊரு எதுங்க?" என்று. அதற்கு நீங்கள் மேடைக்கு மேடை புதுசாக ஒரு பதில் சொல்வீர்கள். முன்னாலேயே சொல்லித் தொலையுங்கள் என்று எத்தனை முறை கெஞ்சியிருப்பேன். "தெரிஞ்சா ஒன் மூஞ்சி முன்னாடியே சிரிச்சிரும்டா" என்று மழுப்பிவிடுவீர்கள். ஒருமுறை, "ரயில்ல கண்ணசந்துட்டேன்டி, அது வட்டகொடை ஸ்டேஷனுக்கு முந்தியே போயிருச்சு" என்றீர்கள். அன்றைக்குச் சிரித்துச் சிரித்து என் சவுரி அவிழ்ந்துபோனது.

ஆறுமுகத்துக்கு அந்தப் பதிலைத்தான் சொல்லிக் கொடுத்திருந்தேன். நான் கேட்டேன். அவன் வாயைத் திறந்தான், அக்காவைப் பார்த்தான், மூடிக்கொண்டான். மறுபடி கேட்டேன். கூட்டத்தில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. பாதிப் பேர் வீட்டில் அதே உத்தரவு கிடக்கிறது.

"போதும், எறங்கி வாடா" என்று முன்னால் உட்கார்ந்திருந்த அக்கா கூப்பிட்டாள். சேலையோடு இறங்கிப் போனேன்.

அவளை ஒரு தடவை சிரிக்க வைக்க எனக்குத் துப்பில்லை மச்சான். நீங்கள் இருந்திருந்தால் என்ன பதில் சொல்லியிருப்பீர்கள்?

இப்போது அவள் கவலையெல்லாம் நீங்கள்தான். "நான் போயிட்டா அவரு குழி மேல தேயில வச்சிருவாங்களேடா" என்று அழுகிறாள். வைக்கத்தான் போகிறார்கள். இந்த மலையில் புதைத்த யாரை விட்டுவைத்தார்கள்? தோட்டத்துத் துரையைத் தடுக்க என்னால் ஆகாது. ஆனால் அந்தக் கன்றை வேறு எவனையும் நட விடமாட்டேன், நானே நடுகிறேன். அதில் கொழுந்தெடுக்க வருகிற பெண்களிடம், இது எங்கள் மச்சான் என்று சொல்லிவைப்பேன்.

இப்படிக்கு,
மேடையில் உங்கள் பெண்டாட்டி, வீட்டில் உங்கள் மச்சினன்.