பேராசிரியருக்கு வந்த ஓ.டி.பி.

ஜமுனாமரத்தூர்,
3.2.2025

அன்புள்ள ரேணுகா,

நான் சுகம். இங்கே பனி குறைந்துவிட்டது. புளி உலுக்க ஆரம்பித்துவிட்டார்கள்.

புத்தகத்தின் கடைசி அத்தியாயத்தில் இருக்கிறேன். கைபேசி கேட்பதற்கெல்லாம் உடனே பதில் சொல்லிப் பழகியவன், தன்னைத் தானே எதுவும் கேட்டுக்கொள்வதில்லை என்று எழுதியிருக்கிறேன். போன் இல்லாமல் மலையில் இருந்த மூன்று வருஷம்தான் எனக்கு இதைக் காட்டியது.

ஓய்வூதியத்துக்கு வாழ்நாள் சான்று கொடுக்க வேண்டும். பதினைந்தாம் தேதி, சனிக்கிழமை, பதினொரு மணிக்கு இ-சேவை மையத்துக்குப் போவேன். வழக்கம்போல் உன் எண்ணைக் கொடுத்திருக்கிறேன். மையம் நடத்தும் கோகுல்ராஜ் கூப்பிடுவார். உனக்கு வரும் ஓ.டி.பி.யைச் சொல்லிவிடு.

அன்புடன்,
தனசேகரன்

திருப்பத்தூர்,
6.2.2025

அன்புள்ள என் வீட்டுப் பேராசிரியருக்கு,

புளி உலுக்குவது வரைக்கும் எழுதியிருக்கிறீர்கள். என்னைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பரவாயில்லை, நானே சொல்கிறேன். கழுத்தில் இருந்த கட்டி பெரிதாகிவிட்டது. பதினேழாம் தேதி வேலூரில் ஆபரேஷன். பயமாக இருக்கிறது.

உங்களுக்குப் போன் இல்லை என்று ஊரெல்லாம் பெருமை பேசுகிறார்கள். ஏன் இல்லை? என்னிடம் இருக்கிறதே! காஸ் மெசேஜ் எனக்கு வருகிறது. பதிப்பாளருக்குப் பதில் நான் சொல்கிறேன். நீங்கள் உயிரோடு இருப்பதை அரசாங்கத்துக்குத் தெரிவிப்பதும் நான்தான். "மேடம், ஓ.டி.பி. வந்துச்சுங்களா, இன்னா நம்பரு?" என்று கோகுல்ராஜ் கேட்கும்போது பக்கத்தில் உங்கள் இருமல் கேட்கும். ஒரு தடவைகூட நீங்கள் போனை வாங்கிப் பேசியதில்லை.

பதினைந்தாம் தேதி வாங்கிப் பேசுங்கள். முப்பது வருஷம் குடும்பம் நடத்தியவள் கேட்கிறேன். "தைரியமா போய்ட்டு வா" என்றால் போதும்.

ரேணுகாதேவி

ஜமுனாமரத்தூர்,
15.2.2025

அன்புள்ள ரேணுகா,

இன்று கோகுல்ராஜ், "சார், மேடம் பேசணுமாம், இந்தாங்க" என்று போனை நீட்டினார். பின்னால் ஏழெட்டுப் பேர் நின்றுகொண்டிருந்தார்கள். எனக்குக் கை நீளவில்லை. முகம் தெரியாமல் வரும் குரலில் ஆறுதல் இருக்காது என்று இத்தனை அத்தியாயம் எழுதிவிட்டு, அதை நானே எப்படி மீறுவது? கோபித்துக்கொள்ளாதே.

அதனால்தான் வந்ததும் உட்கார்ந்து எழுதுகிறேன். தைரியமாகப் போய் வா. எல்லாம் நல்லபடியாக முடியும்.

சான்று கிடைத்துவிட்டது. நன்றி.

தனசேகரன்

திருப்பத்தூர்,
1.3.2025

பேராசிரியர் தனசேகரன் அவர்களுக்கு,

ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். கட்டியில் பயப்படும்படி ஒன்றுமில்லை என்றார்கள். உங்கள் கடிதத்தை எதிர்வீட்டு நதியா வாங்கி வைத்திருந்தாள். "தைரியமாகப் போய் வா" என்பதை நான் போய் வந்த பிறகுதான் படித்தேன். படித்ததும் அழுதேன். அப்புறம் சரியாகிவிட்டது.

இத்துடன் என் பழைய சிம் கார்டை வைத்திருக்கிறேன். பாங்க், காஸ், பதிப்பாளர், அரசாங்கம் எல்லோரும் உங்களை அதில்தான் தேடுவார்கள். வைத்துக்கொள்ளுங்கள். எனக்கு வேறு எண் வாங்கிவிட்டேன்.

அந்த எண்ணை இதில் எழுதவில்லை. முகம் பார்த்துப் பேசுவதுதான் பேச்சு என்பது உங்கள் கட்சி. காலையில் மலையிலிருந்து இங்கே பஸ் இருக்கிறது. வந்து கேட்டால் சொல்கிறேன்.

ரேணுகாதேவி