காவல்காரனுக்கு விஷம் வைத்த விவரம்

ஏ.எஸ்.ராவ் நகர்,
செப்டம்பர் 9.

சிரஞ்சீவி வெங்கட்ரமணனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் என் முழங்காலும் என் புத்தியும் மூவருமாக நலம். கல்கரியில் நீயும் வித்யாலட்சுமியும் குழந்தை ஹர்ஷிதாவும் ஒரு குறையுமில்லாமல் இருக்கப் பிரார்த்திக்கிறேன். என் மூவரில் மூன்றாவதைப் பற்றி நீ வேறுவிதமாகக் கேள்விப்பட்டிருப்பதால் முதலில் ஒரு திருத்தம். நான் யாருக்கும் விஷம் வைக்கவில்லை, வைக்கும் உத்தேசமும் இல்லை.

உன் கல்பகம் அத்தை மல்காஜ்கிரியிலிருந்து உனக்குப் போன் செய்து அழுதாள் என்று தெரியும். அழுவதற்கு வெளிநாட்டு நம்பர் கிடைத்தால் அவளுக்குக் கூடுதல் சுகம். நடந்தது இதுதான். ஆகஸ்டில் ஒரு வியாழக்கிழமை சொல்லாமல் கொள்ளாமல் வந்து நின்றாள். கதவு திறந்திருந்தது. நான் ஜன்னலோரம் டேப்லெட்டை மடியில் வைத்துக்கொண்டு, இன்னும் ரெண்டு சொட்டு விஷம் ஏறினா போதும், கட்டேல போறவன் தானா சாய்ஞ்சுடுவான் என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டிருந்தேன். யாரு மன்னி என்று கேட்டாள். காவல்காரன் என்று நிமிராமலே சொன்னேன், நிமிர்ந்தால் எண்ணிக்கை விட்டுப்போகும். அவள் நான் கலந்து கொடுத்த காப்பியைத் தொடாமல் கீழே இறங்கிப் போய், நம் வாட்ச்மேன் அய்யாக்கண்ணுவிடம், ரெண்டாவது மாடி மாமி எது கொடுத்தாலும் வாயில் வைக்காதே என்று எச்சரித்திருக்கிறாள். பதினோரு வருஷமாக என் அடையை வாங்கிச் சாப்பிட்டவன், நான் என்னம்மா தப்பு பண்ணேன் என்று கண் கலங்கிக் கேட்டான். வேலைக்கு வரும் உஷாவையும் வழியில் நிறுத்தி, அம்மா நன்றாக இருக்கிறாளா என்று விசாரித்திருக்கிறாள். உஷா உள்ளதை உள்ளபடி சொன்னாள், ஹவ் அம்மா, ரோஜ் மர்தீ, ஃபிர் ஷுரு கர்தீ என்று. ஆமாம்மா, தினமும் சாகிறாள், மறுபடி ஆரம்பிக்கிறாள். ஒரு வார்த்தை தப்பில்லை. இந்த இரண்டு சாட்சியங்களையும் வைத்து நீ கோயம்புத்தூரில் முதியோர் குடியிருப்பு ஒன்றில் எனக்கு அறை பதிவு செய்துவிட்டாய், டிசம்பரில் வந்து அழைத்துப் போகிறேன் என்கிறாய். நீதிபதிகள்கூட இதைவிட நேரம் எடுத்துக்கொள்வார்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை போனில் உனக்கு நீயே எவ்வளவு அழகாக முரண்பட்டாய் என்று கவனித்தாயா? அம்மா, உனக்கு முன்னே மாதிரி ஞாபகம், தெளிவு எல்லாம் இல்லை, தனியா விட எனக்கு மனசு வரலை என்றாய். வைப்பதற்கு முன்னால் குரலைத் தாழ்த்தி, அந்தக் கடைசி வாசலை நிஜமாவே தாண்டிட்டியாமே, எப்படிம்மா என்றாய். ஹர்ஷிதா என்னிடம் எல்லாம் சொல்லியிருக்கிறாள். நீ இரண்டு வருஷமாக அந்தக் கோட்டை விளையாட்டை ஆடுகிறாய், ஒரு தடவைகூடக் கடைசி வாசலைத் தாண்டவில்லை, தோற்கும்போதெல்லாம் அதிர்ஷ்டம் சரியில்லை என்று போனை சோபாவில் எறிகிறாய். பிப்ரவரியில் என் முழங்கால் ஆபரேஷனுக்கு வந்தவன் நீதான் இதை என் டேப்லெட்டில் போட்டுக் கொடுத்து, சும்மா அதிர்ஷ்டம்தாம்மா, மூளைக்கு வேலையே இல்லை என்றாய். மூளைக்கு வேலையில்லாத விளையாட்டில் மூளை போன அம்மா மூன்று தடவை ஜெயித்திருக்கிறாள். எப்படி என்று கேட்டாய் அல்லவா, சொல்கிறேன், உட்கார்ந்து படி.

விளையாட்டு உனக்குத் தெரியும், ஆனாலும் தெரியாதவனுக்குச் சொல்வதுபோலச் சொல்கிறேன், ஏனென்றால் நீ ஆடுகிற விதம் அப்படித்தான். ஆரம்பத்தில் பத்துச் சீட்டு, வாள் ஐந்து, கேடயம் ஐந்து. ஒவ்வொரு சண்டையிலும் கட்டைக் கலைத்து ஐந்தைந்தாகக் கைக்கு வரும். ஜெயித்தால் மூன்று புதுச் சீட்டைக் காட்டி ஒன்றை எடுத்துக்கொள் என்பார்கள். செத்தால் முதல் வாசலிலிருந்து மறுபடி. இவ்வளவுதான். நான் முதல் இருபது ஆட்டத்தில் செய்த முட்டாள்தனத்தை நம் ஜனங்கள் மட்டும்தான் செய்ய முடியும். உன் அப்பாவோடு காலனி கிளப்பில் முப்பது வருஷம் ரம்மி ஆடிய கை. ரம்மியில் எதை எடுத்தாலும் ஒன்றைக் கீழே போட்டே ஆக வேண்டும், அதனால் தைரியமாக எடுக்கலாம். போதாததற்கு நவராத்திரிக் கொலுவின் பழக்கம் வேறு, வருஷத்துக்கு ஒரு பொம்மையாவது புதிதாகச் சேர்க்காவிட்டால் ஆகாது என்று என் மாமியார் வைத்த சட்டம். இரண்டும் சேர்ந்து, காட்டிய போதெல்லாம் ஒரு சீட்டை எடுத்துக்கொண்டேன். இங்கேயோ கீழே போடுகிற வழக்கமே கிடையாது. எடுத்தது எடுத்ததுதான், ஒவ்வொரு சண்டையிலும் நடுவில் வந்து நிற்கும், அழைக்காமல் வரும் உறவுக்காரர்போல. கடைசி வாசலுக்குப் போகும்போது என் கட்டில் முப்பத்தெட்டுச் சீட்டு. அந்த வாசல் காவல்காரனுடைய குணம் உனக்குத் தெரியுமே, நம் கட்டில் எத்தனை சீட்டோ அத்தனை பலத்தோடு அடிப்பான். எனக்குக் கேடயம் வேண்டியிருந்தது, அது கட்டின் அடியில் எங்கோ உறங்கிக்கொண்டிருந்தது, அவன் முப்பத்தெட்டு அடி அடித்தான். அதிர்ஷ்டத்தின்மேல் பழி போட எனக்கும் ஆசையாகத்தான் இருந்தது.

கான்வென்டில் சிஸ்டர் ஆக்னஸ் எங்களை மன்னிப்புக் கேட்கவே விடமாட்டார். தப்பு எந்த வரியில் நடந்தது, ஏன் நடந்தது என்று மார்ஜினில் எழுது, அது போதும் என்பார். அப்படியே ஒரு நீள நோட்டில் எழுத ஆரம்பித்தேன். இதுவரை அறுபத்தொரு ஆட்டம். ஐம்பத்தெட்டுத் தோல்வி. அதில் நிஜமாகவே சீட்டு வராமல் தோற்றது நான்கு. மீதி ஐம்பத்துநான்கிலும் நான் கெடுத்த இடத்தை விரல் வைத்துக் காட்ட முடியும். மூன்று சீட்டைக் காட்டுவதோடு அதிர்ஷ்டத்தின் வேலை முடிந்துவிடுகிறது, எடுத்தே தீர வேண்டும் என்று அது யாரையும் கட்டாயப்படுத்துவதில்லை. வேண்டாம் என்று ஒரு பொத்தான் இருக்கிறதே, மூலையில், சின்னதாக, நீ அதை ஒரு நாளாவது தொட்டதுண்டா? நடுவில் ஒரு கொல்லன் பட்டறை வரும், அங்கே மட்டும் பழைய சீட்டைக் கட்டிலிருந்து கழித்துவிடலாம். நீ அவனிடம் போய்ப் புதுக் கவசம் வாங்குகிறாய் என்று ஹர்ஷிதா சொன்னாள். நான் அவனிடம் ஆரம்பத்து வாள்களை ஒவ்வொன்றாகக் கொடுத்துத் தொலைத்தேன். ஜெயித்த அன்று என் கட்டில் பதினான்கு சீட்டு. காவல்காரனுக்கு அடிக்கவே கை வரவில்லை, பாவம்.

அடுத்தது, நெருப்புச் சீட்டின்மேல் உனக்கிருக்கும் மோகம். முதல் வாசலிலேயே நெருப்புக் கட்டு கட்டப்போகிறேன் என்று தீர்மானித்து விடுகிறாயாம், நெருப்பு வராவிட்டால் ஆட்டமே மோசம் என்கிறாயாம். எது வருகிறதோ அதைப் பார்த்துத் திட்டம் போடுவதுதான் முறை. எனக்கு அன்றைக்கு விஷம் வந்தது, விஷத்தை எடுத்தேன். அதில் ஆர்ப்பாட்டமே கிடையாது. இரண்டு சொட்டு ஏற்றிவிட்டுக் கேடயத்தைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறக்காமல் காத்திருந்தால், எதிராளி தானாகக் கரைவான். உன் அப்பா வீட்டில் பதினேழு பேரோடு குடித்தனம் செய்தவளுக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. எதிராளி அடுத்து என்ன செய்யப்போகிறான் என்பதை அவன் தலைக்கு மேலேயே படம் போட்டுக் காட்டுகிறார்கள், அதைக்கூடப் பார்க்காமல் வாளை வீசுகிறாயே. உன் அத்தை தலைக்கு மேலும் அப்படி ஒன்று இருந்தால் நான் அந்த வியாழக்கிழமை கதவைச் சாத்தியிருப்பேன்.

மருந்துக் குப்பிகள் விஷயத்தில் நீ அப்படியே உன் மனைவியின் பீங்கான் செட். கடைசி வாசலுக்கு ஆகும் ஆகும் என்று சேர்த்து வைத்து, மூன்று நிறைகுப்பிகளோடு இரண்டாம் வாசலில் செத்துக் கிடக்கிறாயாம். வித்யா அந்த செட்டில் யாருக்காவது இதுவரை ஒரு வாய் காப்பி கொடுத்திருக்கிறாளா? கோபித்துக்கொள்ள வேண்டாம் என்று சொல், இந்தக் குறை உன்னுடையது, அவள் உதாரணத்துக்கு வந்தாள். குப்பி குடிப்பதற்கு. பெரிய எதிரிகளை, உடம்பில் பலம் இருக்கும்போதே, முதல் வாசலிலேயே தேடிப் போய்ச் சண்டை போடு. அவர்கள்தான் நல்ல பரிசு தருவார்கள். நீ சந்து சந்தாகச் சுற்றி எலிகளை அடித்துவிட்டு, கடைசியில் வெறுங்கையோடு போய் நிற்கிறாய்.

ஒரு விஷயத்தில் மட்டும் என் நோட்டில் எனக்கே வெட்கம். வழியில் கூடாரம் வரும் இல்லையா, அங்கே இரண்டில் ஒன்றுதான், ஓய்வெடுத்து உடம்பைத் தேற்றலாம் அல்லது ஒரு சீட்டைக் கூர் தீட்டலாம். நீ எப்போதும் ஓய்வு, அது தப்பு. நான் எப்போதும் கூர், மார்ஜினில் எழுதியதை எண்ணிப் பார்த்தால் பதினாறு தடவை அதனால் செத்திருக்கிறேன். ஓய்வெடுத்தால் யாரோ பார்த்துச் சிரிப்பார்கள் என்பதுபோல. அதையே இங்கேயும் செய்தேன் என்று உனக்குச் சொல்லவில்லை. ஜூன் மாதம் உஷா வரும்வரை பொறுக்காமல் ஐந்து கிலோ அரிசியைத் தூக்கிக்கொண்டு படி ஏறினேன், இரண்டாவது வளைவில் கால் மடங்கி உட்கார்ந்துவிட்டேன், அரை மணி நேரம் எழுந்திருக்க முடியவில்லை. அய்யாக்கண்ணுதான் வந்து தூக்கிவிட்டான். லிஃப்ட் இல்லாத வீட்டில் இரண்டாவது மாடியில் நான் இனி இருக்கக் கூடாது என்று நீ சொல்வது சரி. இதை எழுதுவதற்கு எனக்கு இரண்டு நாள் பிடித்தது, அதனால் மறுபடி சொல்லச் சொல்லாதே.

ஆனால் அதற்குக் கோயம்புத்தூர் எதற்கு? அங்கே எனக்கு யாரைத் தெரியும்? தரைத்தளத்தில் வேணுகோபால் காரு, உன் அப்பாவோடு ஆலையில் வேலை பார்த்தவர், தசராவுக்குப் பிறகு விசாகப்பட்டினத்தில் மகளோடு போய் இருக்கப்போகிறார். அவருடைய இரண்டு அறை வீட்டை எனக்குத் தருகிறேன் என்கிறார். வாசலில் அய்யாக்கண்ணு, படியே கிடையாது, எதிரில் மருந்துக்கடை, லைப்ரரிக்கு நடக்கிற தூரம். மேல் வீட்டை வாடகைக்கு விட்டுவிடலாம். அந்த இரண்டு அறையில் நம் சாமான் கொள்ளாது. அதனால்தான் எட்டுப் பேர் உட்காரும் சாப்பாட்டு மேஜையைக் கொடுத்தேன், அப்பாவின் கோட்டுகளைக் கொடுத்தேன், பொம்மைகளைக் கொடுத்தேன், இந்த வருஷம் கொலு ஒரே படி, ஒன்பதே பொம்மை. மன்னி எல்லாத்தையும் வாரிக் கொடுக்கறா, புத்தி பேதலிச்சுடுத்து, இல்லேன்னா நாள் நெருங்கிடுத்து என்று உன் அத்தை சொன்னாளே, அதன் கதை இதுதான். தசாவதார செட்டை மட்டும் அவளே ஆட்டோ வைத்து எடுத்துப் போனாள் என்பதை உன்னிடம் சொல்லியிருக்க மாட்டாள். பைத்தியம் கொடுத்தாலும் பொம்மை பொம்மைதான் போலிருக்கிறது.

அப்பாவின் கோட்டுகளைக் கொடுத்த அன்று மட்டும் கை சற்று நின்றது. அவருடைய மூக்குக்கண்ணாடியையும் ரம்மிக் கட்டையும் வைத்துக்கொண்டேன். என் பதினான்கு சீட்டில் அந்த இரண்டும் உண்டு.

உன்னிடம் நான் அனுமதி கேட்கவில்லை. ஆனால் அந்தக் கோயம்புத்தூர் அறை உன் பெயரில் பதிவானது, வேண்டாம் என்று நீதான் எழுதிக் கொடுக்க வேண்டும். நீ வேண்டாவெறுப்பாக ஒத்துக்கொண்டு, அம்மா பிடிவாதக்காரி என்று நாலு பேரிடம் சொல்லிக்கொள்வதும் எனக்கு வேண்டாம். என் பிள்ளை என்னைச் சுயபுத்தி உள்ளவள் என்று நம்புகிறான் என்று தெரிந்துதான் அந்த வீட்டுக்குள் காலெடுத்து வைக்க விரும்புகிறேன். வேணுகோபால் காருவுக்குத் தீபாவளிக்குள் பதில் சொல்ல வேண்டும். இந்தக் கடிதம் உன் கைக்கு வர இரண்டு வாரம், உன் பதில் வர இரண்டு வாரம், ஆகவே யோசிப்பதற்கு உனக்குப் பத்து நாள் இருக்கிறது, உன் அத்தை உனக்குக் கொடுத்ததைவிட அதிகம்.

குளிர் தொடங்குமுன் ஹர்ஷிதாவுக்குக் காது மூடும் தொப்பி வாங்கு, போன வருஷம்போல ஜனவரியில் தேடாதே. அவளிடம், பாட்டி அடுத்த ஆட்டத்தில் பன்னிரண்டு சீட்டில் முயற்சி செய்யப்போகிறாள் என்று சொல். வித்யாவுக்கு என் ஆசீர்வாதம். நீங்கள் மூவரும் தீர்க்காயுசாக, போனை எறியாமல், ஒருவர் பேசுவதை ஒருவர் கேட்டுக்கொண்டு நன்றாக இருக்க வேண்டும். நோட்டின் முக்கியமான நான்கு பக்கங்களை நகல் எடுத்து இதோடு வைத்திருக்கிறேன், ஜெயித்தால் அதையும் தெரிவி.

வாட்ஸ்அப்பில் கட்டைவிரல் அனுப்பாதே, போன் செய்து பேச்சை மாற்றாதே. சம்மதமா இல்லையா, என் புத்தி சரியாக இருக்கிறது என்று நம்புகிறாயா இல்லையா, இரண்டுக்கும் காகிதத்தில், உன் கையால், தமிழில் பதில் எழுது.

அன்புள்ள அம்மா,
மாதங்கி அனந்தகிருஷ்ணன்