உன் தாயின் பெயரை எழுதுகிறேன்

இந்தப் பாரிசில், ரூ பஜோல் முனையில் இந்த வருடமும் தேங்காய் உடைத்தார்கள். தேர் போன பிறகு தெரு முழுக்க ஈரமும் ஓட்டுத் துண்டும்தான். வெயில் பட்டதும் அந்த ஈரத்திலிருந்து ஒரு புளித்த மணம் எழும்பும். அந்த மணம் வந்தால் நீயும் வருவாய். நான் கூப்பிடுவதில்லை. நீயாக வருகிறாய்.

அன்றைக்கு அந்த ஆசுபத்திரி அறைக்குள் யார் யார் நின்றார்கள் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். பிறகு ஒருவரும் தான் அங்கே இல்லை, தனக்குக் கேட்கவில்லை என்று சொல்லக் கூடாது. கட்டிலில் என் மகள் சாந்தி. அவள் கால்மாட்டில் மருமகன் குகன், ரெஸ்டோரன்ட் வேலைச் சப்பாத்தோடு. யன்னலோரக் கதிரையில் குகனின் தாய், என் சம்பந்தி நல்லம்மா. பக்கத்தில் நான். கதவடியில் நீ, எங்கள் எதிர் வீட்டுக்காரி. கண்ணாடித் தொட்டிலுக்குள் முதல்நாள் பிறந்த பிள்ளை. இன்னும் ஒருவன் நின்றான், என் கூடப்பிறந்த தம்பி. அவன் பெயரை இப்போது சொல்லமாட்டேன்.

பிரெஞ்சில் நான் உன்னை மரியாதையாகத்தான் பேசினேன். 'மடம்' என்றேன், 'வூ' என்றேன். தமிழில் எழுதும்போது 'நீ' என்றுதான் வருகிறது. நீ என்னைவிட இளையவள், எனக்கு முன்னே போனவள். 'நீங்கள்' போட்டால் யாரோ டாக்குத்தருக்கு எழுதுவதுபோல் இருக்கிறது. நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். எழுத்துப் பிழை இருந்தால் உனக்குத் தெரியப்போவதுமில்லை.

உன்மேலும் எனக்கு ஒரு கோபம் இருந்தது, மறக்கவில்லை. நாங்கள் இந்தக் கட்டடத்துக்கு வந்த புதிதில் தூளுக்கு மிளகாய் வறுத்துக்கொண்டிருந்தேன். நீ எதிர் வீட்டிலிருந்து இருமிக்கொண்டு வந்து கதவை இடித்தாய். கண்ணெல்லாம் சிவப்பு. என்ன சொன்னாய் என்று விளங்கவில்லை; சொன்ன விதம் விளங்கியது. அதற்குப் பிறகு படியில் கண்டாலும் நான் 'பொன்சூர்' சொல்லவில்லை. ஒரு நாள் லிப்ட் நடுவில் நின்று நாம் இருவரும் மாட்டிக்கொண்டோம். நீ கோட்டுப் பைக்குள் கைவிட்டு ஓட்டோடு இருந்த நுவாசெத் கொட்டைகளை எடுத்தாய். ஒன்றைத் தரையில் வைத்துச் சப்பாத்துக் குதியால் உடைத்து, உள்ளே இருந்ததை முதலில் எனக்கு நீட்டினாய். வாங்கித் தின்றேன். மிளகாய்க் கணக்கு அதோடு தீர்ந்தது. நான் கோபத்தை வைத்திருப்பேன்தான். ஆனால் தீர்க்கத் தெரியாதவர்களிடம் மட்டும்.

அது இரண்டாயிரத்து ஒன்பது. ஊரில் எல்லாம் முடிந்த வருடம். லா ஷப்பேலில் எங்கள் கடைக்காரர்கள்கூடச் சத்தமாகக் கதைக்கவில்லை. அந்த வருடம் எங்கள் சனத்தில் பிறந்த பிள்ளைகளுக்கெல்லாம் செத்தவர்களின் பெயர்கள் வரிசையில் காத்து நின்றன. பிள்ளை பிறந்தது தேருக்கு முதல்நாள். எங்களுக்குத் துடக்கு. கோயில் பக்கமோ தேர் பக்கமோ போக முடியாது. மேளச் சத்தம் ஆசுபத்திரி யன்னல்வரை வந்தது. நாங்கள் யன்னலைச் சாத்திவிட்டு உள்ளே இருந்தோம்.

உனக்குத் துடக்கு இல்லை. நீ தேர் பார்த்துவிட்டு நேரே வந்தாய். தெருவில் சிதறியதை எங்கள் பொடியளோடு சேர்ந்து நீயும் பொறுக்கியிருக்கிறாய். கைக்குட்டையை விரித்தபோது உள்ளே தேங்காய்ச் சொட்டுகள் இருந்தன.

நீ வந்த நேரம் பெயர்ச் சண்டை நடந்துகொண்டிருந்தது. எங்கள் முறைப்படி சாதகம் எழுதி, எழுத்துப் பார்த்து, முப்பத்தொன்றாம் நாள் துடக்குக் கழித்துத்தான் பெயர். இந்த நாட்டில் மூன்று நாளுக்குள் மெரிக்கு, அதுதான் நகரசபைக்கு, போய்ப் பெயரைச் சொல்ல வேண்டும். ஊரிலிருந்து சாத்திரியார் இன்னும் போன் எடுக்கவில்லை.

நல்லம்மா தன் தங்கையின் மகளின் பெயரைச் சொன்னார். அந்தப் பிள்ளை மே மாதம் பதுங்குகுழிக்குள் போனவள்.

சாந்தி கட்டிலில் எழும்பி உட்கார்ந்தாள். "மாமி, குறை நினையாதேங்கோ. என்ர பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிடேக்கை ஆக்கள் அழக் கூடாது."

"அப்ப பேரில்லாமல் வளக்கப் போறியோ?"

அப்போதுதான் தம்பி வாய் திறந்தான். பாரிசுக்கு வந்த பிறகு அவன் எண் சாத்திரம் பழகியிருந்தான். கடைக்குப் பெயர் வைப்பவர்களும் அவனிடம்தான் போவார்கள். "அக்கா, ஒருத்தரும் அழத் தேவையில்லை. டிலக்சிகா. கூட்டிப் பாத்தன். அந்த மாதிரி எண்."

சாந்தி அதை உனக்குப் பிரெஞ்சில் சொன்னாள். நீ உடனே கேட்டாய், அதற்கு என்ன கருத்து என்று.

தம்பி சிரித்தான். "கருத்து ஒண்டும் இல்லையெண்டு சொல்லு பிள்ளை. எண்தான் முக்கியம்."

"மாமா, கருத்தில்லாத பேரோ?" என்றாள் சாந்தி.

"உன்ர பேருக்குக் கருத்து அமைதி. நீ எப்ப அமைதியா இருந்தனி?"

குகன்கூடச் சிரித்துவிட்டான். நீ சிரிக்கவில்லை. நான் வெட்கத்தில் உன்னிடம் திருப்பிக் கேட்கும்படி சாந்தியிடம் சொன்னேன்: உங்கள் ஊரில் மட்டும் எல்லாப் பெயருக்கும் கருத்து இருக்கிறதோ?

நீ ஒரு சொட்டை எடுத்து ஓட்டுப் பக்கத்தையும் வெள்ளைப் பக்கத்தையும் மாறி மாறிக் காட்டினாய். வெள்ளையைத் தொட்டு, "இதுதான் என் அம்மாவின் பெயர்" என்றாய். எத்னா. கோதுக்குள் இருக்கும் பருப்பு. நீயும் கடல் தாண்டி இங்கே வந்தவள்; உங்கள் தேசத்தில் அது மிகப் பழைய பெயராம். ராசாத்திகளுக்கு இருந்ததாம், ஒரு பெரிய சாமியாரைப் பெற்ற தாய்க்கும் இருந்ததாம். தன் மகள் வயிற்றுப் பிள்ளையால் சாவு என்று கேள்விப்பட்ட ஓர் அரசன் மகளைத் தீவில் கோபுரம் கட்டிப் பூட்டி வைத்தானாம். அவள் பெயரும் அதுதானாம். பூட்டியும் பிள்ளை பிறந்ததாம். பூட்டி வைத்தும் பிறந்த பிள்ளையின் கதை எங்களிடமும் இருக்கிறது என்றேன். இப்போது யாரும் அந்தப் பெயரை அதிகம் வைப்பதில்லை என்றாய்.

பிறகு நீ சொன்னதைச் சாந்தி மெதுவாகத்தான் தமிழில் சொன்னாள். உன் தாயை வீட்டில் எல்லோரும் எத்னா என்பார்களாம். ஆனால் பள்ளிக்கூடத்தில் ஆங்கிலப் பெயர்தான் எழுதுவார்களாம். அவளை 'ஆனி' என்று பதிந்தார்கள். கலியாணத்திலும் ஆனி. கல்லறைக் கல்லிலும் ஆனி. "எங்கேயும் எழுதப்படாத பெயர். எனக்குப் பிள்ளை இல்லை. அது என் வாயோடு முடியும்" என்றாய். அழவில்லை. பஸ் நேரம் சொல்வதுபோல் சொன்னாய்.

சாந்தி என்னைப் பார்த்தாள். "அம்மா, இதை வைப்பம்."

"இதுவும் செத்த மனுசியின்ர பேர்தானேடி" என்றேன்.

"அவ வயசு போய், கட்டில்ல படுத்துச் செத்தவ. அது வேற."

 நல்லம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "கிழவியாகிச் சாகிற பேரெண்டால் வையுங்கோ" என்றார். குகன் தலையாட்டினான். நான் எழுந்து வந்து உன் கையைப் பிடித்துச் சொன்னேன்: "மடம், எழுதப்படும். இந்தப் பேர் எழுதப்படும்." அது என் வாக்கு. நீ கைக்குட்டையை நீட்டினாய். எல்லோரும் ஆளுக்கொரு சொட்டு எடுத்தோம். தம்பியும் எடுத்தான். கடித்துச் சாப்பிட்டான். நான் பார்த்தேன்.

திங்கட்கிழமை குகன் மெரிக்குப் போனான். அவனுக்கு அப்போது பிரெஞ்சு போதாது, தம்பி துணைக்குப் போனான். குகன் வாயைத் திறக்கும் முன் அவன் சொல்லி முடித்துவிட்டான். எழுதியும் முடித்துவிட்டார்கள். டிலக்சிகா.

ஆசுபத்திரி வாசலில் வைத்துத்தான் தம்பி எனக்குச் சொன்னான், நல்ல செய்தி சொல்கிற முகத்தோடு.

"ஏன்டா?" என்றேன்.

"எண் சரிவரேல்லை அக்கா. வெள்ளைக்காரியின்ர தாயின்ர பேரை எங்கட பிள்ளைக்கு வைக்கிறதோ?"

"நான் வாக்குக் குடுத்தனான்."

"மடத்துக்கு எங்கை தெரியப் போகுது?"

பெயரை மாற்றியதைக்கூட ஒரு மூலையில் வைத்திருப்பேன். இந்தக் கடைசிச் சொல்லை வைக்க என் வீட்டில் மூலை இல்லை. உன் தேங்காய் அவன் வயிற்றில் செமித்து ஒரு நாள்கூட ஆகவில்லை.

குகனைத் திரும்பப் போய் மாற்றச் சொன்னேன். அவன் பயந்துவிட்டான். "மாமி, பப்பியேயில கை வைச்சால் பிறகு எங்கட விசாவைத் தோண்டுவாங்கள்." எங்கள் ஆட்களுக்குக் கடதாசி என்றால் அப்படி ஒரு பயம். அவனை நான் திட்டவில்லை. அவன் விசா இல்லாமல் குசினிக் கிடங்குக்குள் படுத்து எழும்பியவன்.

அன்று பின்னேரமே உன் கதவைத் தட்டினேன். உனக்குத் தெரியாமல் வைத்திருக்க நான் என் தம்பி இல்லை. என் பிரெஞ்சு சந்தைக்குப் போதும், இதற்குப் போதாது. "எத்னா இல்லை. பப்பியே, எத்னா இல்லை" என்று இரண்டு தரம் சொன்னேன். நீ கதவைப் பிடித்தபடி நின்றாய். பிறகு உள்ளே போய்க் கேத்தலைப் போட்டாய். தேத்தண்ணி ஊற்றி என் முன்னால் வைத்தாய். அதற்குப் பிறகு எனக்கு விளங்கட்டும் என்று சொல் சொல்லாகச் சொன்னாய்: "என் அம்மா கடதாசியில் ஆனி. ஆனி என்று கூப்பிட்டால் திரும்பமாட்டாள். நீ கூப்பிடு. பிள்ளை திரும்பும்."

முப்பத்தொன்றாம் நாள் துடக்குக் கழிவுக்கு நீ எங்கள் வீட்டில் மஞ்சள் தண்ணீர் தெளிக்கத் தலை குனிந்து நின்றாய். பிள்ளையின் காதில் பெயரை நான்தான் சொன்னேன். சொல்லும்போது தம்பியைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். அதற்குப் பிறகு அவன் என் வாசல்படி ஏறவில்லை. ஏறவிடவில்லை.

கூப்பிட்டேன். படிக்கட்டில், சந்தையில், லூயி பிளாங்கில் புடவைக் கடைக்குள், பள்ளிக்கூட வாசலில். வகுப்பில் அவளுக்கு ஒரு பெயர், தெருவில் ஒரு பெயர். தெருப் பெயருக்குத்தான் ஓடி வந்தாள். கடைச் சனம் கேட்கும், "அம்மா, அதென்ன பேர்?" "கோதுக்குள்ள இருக்கிற பருப்பு" என்பேன். சிலர் சாப்பாட்டுச் சாமான் என்று நினைத்துச் சிரித்தார்கள். சிரிக்கட்டும். கருத்துச் சொல்ல எனக்கு ஒரு கருத்து இருந்தது.

நீ கடைசியாகப் படுத்த ஆசுபத்திரி அறைக்குப் பிள்ளைகளை விடமாட்டார்கள். நான் மட்டும் வந்தேன். பையில் தேங்காய்ச் சொட்டு இருந்தது. உனக்குக் கடிக்க முடியவில்லை, கையில் வைத்திருந்தாய். அவள் எங்கே என்று கேட்டாய். வெளியே வாங்கில் இருக்கிறாள் என்றேன். "கூப்பிடு" என்றாய். அது நோயாளிகள் இருக்கும் இடம், சத்தம் போடக் கூடாது. நான் கதவைத் திறந்துவிட்டு, தேர் முட்டியில் நின்று கூப்பிடுவதுபோல் கூப்பிட்டேன். எத்னா!

"ஓம் அம்மம்மா!" என்று நடைவழி முழுக்கக் கேட்டது. தாதி ஓடி வந்து என்னை ஏசினாள். நீ கண்ணை மூடிக்கொண்டு சிரித்தாய். மற்றதெல்லாம் உன் பெறாமகன் வந்து பார்த்துக்கொண்டான். உன்னை உன் தேசத்துக்கே கொண்டுபோனான். எதிர்க்கதவில் இப்போது வேறு ஆட்கள். மிளகாய் வறுத்தால் ஒருவரும் இடிப்பதில்லை.

இந்த வருடத் தேருக்குப் பேத்தியும் நானும் போயிருந்தோம். அவள் என்னைவிட உயரம், என்னைவிடக் கோபக்காரி. தேங்காய்க் குவியலுக்குப் பக்கத்தில் ஒரு கிழவன் ஊன்றுகோலோடு வந்து நின்றான். செவ்ரானிலிருந்து ரயிலில் வந்திருக்கிறான். வருத்தக்காரன் என்று சனம் சொல்லிக் கேள்வி. என் முகத்தைப் பார்க்கத் தைரியமில்லாமல் அவளிடம் கேட்டான்.

"டிலக்சிகாவோ? நல்லா வளந்திட்டாய் பிள்ளை."

"எத்னா" என்றாள். பிறகு பிரெஞ்சில் ஏதோ சொன்னாள். அதைத் தமிழில் சொல்லச் சொன்னேன். "பதினெட்டு முடியட்டும், நானே மெரிக்குப் போய் எழுதுவிப்பன் எண்டு சொன்னனான் அம்மம்மா. அப்பாவுக்குத்தான் பயம். எனக்கென்ன பயம்?"

அவன் கையில் ஒரு தேங்காய்ச் சொட்டை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தான். "அக்கா" என்றான். நான் அவளின் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். கோயிலடியில் நாலு பேர் சொன்னார்கள், வயது போன காலத்தில் உடன்பிறப்போடு பகை வேண்டாம் என்று. நீ இருந்தால் நீயும் அதைத்தான் சொல்லியிருப்பாய். நீ அவனை அன்றைக்குத் தேத்தண்ணியோடு மன்னித்துவிட்டாய். அது உன் குணம். உன்னிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது பெயரை மட்டும்தான்.

மெரியில் எழுதும் நாளுக்கு நான் இருப்பேனோ தெரியாது. அதனால்தான் இந்தக் கோழிக் கிறுக்கலில் நானே எழுதுகிறேன். எத்னா. உன் தாயின் பெயர். வாக்குக் கொடுத்த கையால் எழுதியாயிற்று.

இன்னொரு பெயரும் இருக்கிறது. எங்கள் ஐயா ஆசையாக வைத்த பெயர், மெரியில் பதிந்த அந்தத் திங்கட்கிழமைக்குப் பிறகு என் வாயில் வராத பெயர். அதைச் சொல்லமாட்டேன். எழுதிவிடுகிறேன், மன்னிக்கவில்லை என்பதற்குச் சாட்சியாக இருக்கட்டும்: தர்மகுலசிங்கம்.