இரண்டு வீட்டு மீன்கள்

மார்ச் 3

அன்புள்ள அத்தைக்கு,

என் போனை நீங்கள் எடுப்பதில்லை, அதனால் எழுதுகிறேன். உங்கள் மகனைப் பற்றி ஒரு வார்த்தை எழுத மாட்டேன். அது வக்கீல்கள் பாடு. இது மீன் விஷயம்.

முன்னறைத் தொட்டியில் நான் விட்டுவந்த சிவப்புவால் மீன்கள் சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரியவை, அவ்வளவுதான். ஆனால் அவை இருந்த ஒரே ஓடையைக் கல்குவாரிக்காரர்கள் மூடிவிட்டார்கள். மூடும் முன் நான் அள்ளி வந்தவை போக, எனக்குத் தெரிந்து வேறெங்கும் இல்லை.

மாற்றலாகி வந்த பள்ளியில் எனக்குக் கிடைத்தது விடுதியில் ஒரு கட்டில். வீடு கிடைத்ததும் வந்து எடுத்துக்கொள்கிறேன். அதுவரை, குழாய்த் தண்ணீரை ஒரு நாள் வாளியில் வைத்திருந்து ஊற்றுங்கள். தீனி ஒரு சிட்டிகை போதும். பாசியை மட்டும் எடுத்துவிடாதீர்கள். அதில்தான் முட்டையிடும். இத்தனை வருடமாக ஒரு குஞ்சுகூடப் பிழைக்கவில்லை. இருந்தாலும் நான் விடுவதாக இல்லை.

உங்கள் மருமகள்


மார்ச் 10

மருமகளுக்கு,

வீட்டை விட்டுப் போகும்போது என்னிடம் சொல்லிக்கொள்ளத் தோன்றவில்லை, மீனுக்காக மட்டும் பக்கம் பக்கமாக எழுதத் தோன்றுகிறதா? இருக்கட்டும். எனக்குத் தையலே தலைக்கு மேல் கிடக்கிறது. ஆனாலும் வாயில்லாத ஜீவனைப் பட்டினி போட்ட பாவம் எனக்கு வேண்டாம். தீனி போடுகிறேன்.

பாசி விஷயத்தில் உன் கடிதம் பிந்திவிட்டது. அவனுடைய மேலதிகாரி வீட்டுக்கு வருகிறார் என்று அந்தக் குப்பையை அப்படியே வாரி, கொய்யா மரத்தடியில் கிடக்கும் கைப்பிடி போன வாளியில் போட்டுவிட்டேன். தொட்டியின் பழைய தண்ணீரையும் அதில்தான் ஊற்றினேன், செடிக்கு ஆகுமே என்று.

அத்தை


மார்ச் 19

அன்புள்ள அத்தைக்கு,

படித்ததும் திட்டி ஒரு கடிதம் எழுதினேன். அதைக் கிழித்துப் போட்டுவிட்டு இதை எழுதுகிறேன். வெளியே வெயிலில் கிடந்த பாசியில் முட்டை ஒன்றும் இனி பிழைத்திருக்காது, விடுங்கள். புதுப் பாசி பார்சலில் வருகிறது.

வெயில் ஏறுகிறது. கரண்ட் போனால் தொட்டிக்குக் காற்று நின்றுவிடும். அப்போது குவளையில் தண்ணீரை மொண்டு, உயரத்திலிருந்து தொட்டியிலேயே ஊற்றிக்கொண்டே இருங்கள். நிறுத்தவே கூடாது.

உங்கள் மருமகள்


மே 9

மருமகளுக்கு,

போன வாரம் மதியமானால் கரண்ட் இல்லை. தையலை மூட்டை கட்டி வைத்துவிட்டுக் குவளையும் கையுமாக உட்கார்ந்தேன். அவசரமாகச் சட்டை கேட்டு ஒருத்தி வாசலில் நின்று கத்தினாள். “செத்த பொறும்மா, இங்க உயிர் போகுது” என்றேன். பாவம், பதறிக்கொண்டு உள்ளே ஓடிவந்தாள். அவள் கையிலும் ஒரு குவளையைக் கொடுத்தேன்.

அப்படியும் காப்பாற்ற முடியவில்லை. இரண்டுதான் மிச்சம். இரண்டுக்கும் வால் நல்ல ரத்தச் சிவப்பு. நான் அழுதேன். உனக்காக இல்லை, மீனுக்காக.

“போனது போகட்டும், தொட்டியத் தூக்கிப் போடு” என்கிறான் உன் புருஷன். தொட்டியை என் தையல் அறைக்கு இழுத்து வந்துவிட்டேன். இனி அவன் என்னிடம் பேசட்டும் பார்க்கலாம்.

அத்தை


மே 16

அன்புள்ள அத்தைக்கு,

வால் அவ்வளவு சிவப்பு என்றால் இரண்டும் ஆண். இனி முட்டைக்கு வழியில்லை. இந்த மீன் இத்தோடு முடிந்தது. உங்கள் மேல் எனக்குக் கோபமில்லை. என்னால் இதற்குமேல் எழுத முடியவில்லை.

மருமகள்


மே 24

மருமகளுக்கு,

முடிந்தது என்று நீயாக எப்படி எழுதலாம்?

கொசு வருகிறதே என்று கொய்யா மரத்தடி வாளியைக் கவிழ்க்கப் போனேன். பச்சைப் பசேல் என்று தண்ணீர், அதில் ஒரு கொசுப்புழுகூட இல்லை. எனக்குச் சந்தேகம் தட்டியது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்து பார்த்தால், உன் பொடிசுகள்! பத்துப் பன்னிரண்டு இருக்கும். சிலவற்றுக்குத்தான் வால் சிவக்கிறது. மற்றவை வெளிறித்தான் இருக்கின்றன. அப்படியென்றால் பெண்தானே?

நீ கண்ணாடி மாதிரி துடைத்துத் துடைத்து வளர்த்தபோது பிழைக்காதது, நான் குப்பை என்று வீசியதில் பிழைத்திருக்கிறது. சிரிக்காதே. நான் சிரித்து முடித்துவிட்டேன்.

அத்தை


ஆகஸ்ட் 21

மதிப்பிற்குரிய அம்மா அவர்களுக்கு,

தீர்ப்பு வந்ததைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். இனி உங்களை அத்தை என்று எழுதும் உரிமை எனக்கு இல்லை.

வழக்கு முடியும் நேரத்தில் உங்களுக்கு எழுத வேண்டாம் என்று வக்கீல் தடுத்ததால், உங்கள் மே மாதக் கடிதத்துக்கு இப்போதுதான் பதில். ஆம், வெளிறியவை பெண்கள்தான். அவற்றை நீங்கள் காப்பாற்றியதற்கு நன்றி என்ற சொல் போதாது. எனக்கு வீடு கிடைத்துவிட்டது, தொட்டியும் வாங்கிவிட்டேன். செப்டம்பர் முதல் ஞாயிறு வந்து எல்லா மீனையும் எடுத்துக்கொள்கிறேன். அதன்பின் உங்களுக்குத் தொந்தரவு தர மாட்டேன்.

இப்படிக்கு,
டீச்சர்


ஆகஸ்ட் 25

மீன்காரிக்கு,

யாருடி உனக்கு அம்மா அவர்கள்? தீர்ப்பு அவனுக்கும் உனக்கும். எனக்கு எந்தக் கோர்ட்டும் நோட்டீஸ் அனுப்பவில்லை.

எல்லா மீனையும் தர மாட்டேன். ஒரே இடத்தில் வைத்தால் ஒரு வாரக் கரண்ட் வெட்டு என்ன செய்யும் என்று பார்த்தாயிற்று. பாதி உனக்கு, பாதி எனக்கு. அங்கே போனால் இங்கே இருக்கும், இங்கே போனால் அங்கே இருக்கும். அவ்வப்போது குஞ்சுகளை மாற்றிக்கொள்ளாவிட்டால் வம்சம் நோஞ்சானாகிவிடும் என்று மீன் கடைக்காரர் சொல்கிறார். ஆகவே நீ வந்துதான் தீரவேண்டும். நானும் வருவேன்.

ஞாயிறு அவன் வீட்டில் இருக்க மாட்டான், சொல்லிவிட்டேன். சாப்பிடாமல் வா.

அடுத்த கடிதத்தின் தலையில் பழையபடி எழுது.

அத்தை