பட்டப்பகலில் இரண்டு விளக்கு

ஜனவரி 20, 1994. வியாழன்

டிங்கரிங் ஷெட்டிலிருந்து கார் வந்துவிட்டது. இடது பக்கம் முழுக்கப் புதுத் தகடு. அதே சாம்பல் நிறம்தான் கேட்டேன், கொஞ்சம் வெளுப்பாக அடித்திருக்கிறார்கள். அறுபத்தாறாம் வருஷத்து ஃபியட்டுக்கு இது போதும். குவார்ட்டர்ஸ் வாசலில் நிறுத்தினேன். எதிர் வீட்டு ஜமீலா எட்டிப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்காமல் உள்ளே போய்விட்டார். எல்லாவற்றையும் விசாரிக்கிற பெண்மணி.

என் மனைவி நாகவல்லி போய் இன்றோடு ஐம்பத்து மூன்று நாள். எனக்கு அழுகை வரவில்லை. பசிக்கிறது, சாப்பிடுகிறேன். ஃபாக்டரி ஸ்டோர்ஸில் என் மேஜையில் வேலை ஒன்றும் பாக்கியில்லை. அதைப் பார்த்துச் சந்தோஷப்படுகிற அதிகாரிகூட இருக்கிறார்.

மகள் பேபி இன்னும் முகப்பேரில் தன் மாமா மனோகரன் வீட்டில்தான் இருக்கிறாள். காரியம் முடிந்த மறுநாள் போனவள். அம்பத்தூர் எஸ்டேட்டில் அவளுக்கு வேலை, அங்கிருந்து பக்கம் என்று ஒரு சாக்கு. உண்மையில் சொன்னது வேறு. “அந்தக் கார வித்துடுப்பா. அது நிக்கிற ஊட்டுக்கு நான் வரமாட்டேன்.”

நான் விற்கவில்லை. ஏன் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை.

ஜனவரி 22, சனி

இதை எங்கேயாவது எழுதி வைக்க வேண்டும். யாரிடமும் சொல்லவில்லை.

நவம்பர் 28, ஞாயிறு, காலை ஒன்பது மணி. பூந்தமல்லியில் ஒரு கிரகப்பிரவேசத்துக்கு நாங்கள் இருவரும் போய்க்கொண்டிருந்தோம். தூறல். வானம் இருட்டிக்கொண்டு வந்தது. “லைட்டப் போடுங்க” என்றாள் நாகவல்லி. போட்டேன். பருத்திப்பட்டு தாண்டுவதற்குள் ஆரம்பித்துவிட்டார்கள். எதிரே வந்த சைக்கிள்காரர் கையைத் தூக்கி, விரல்களை மூடி மூடித் திறந்து காட்டினார். பகலில் விளக்கு எரிந்தால் இங்கே யாரும் இதைச் செய்யாமல் போவதில்லை. பாவம், மறந்துவிட்டான், பேட்டரி இறங்கிவிடும் என்கிற நல்ல எண்ணம். அடுத்து ஒரு ஆட்டோக்காரர். அடுத்து டீக்கடை வாசலில் நாலு பேர் சேர்ந்தாற்போல் கையை ஆட்டினார்கள். ஒருவன் சிரித்துக்கொண்டே, “யோவ், லைட்டு!” என்று கத்தினான்.

நான் அணைத்துவிட்டேன்.

“அவங்க கெடக்கறாங்க, நீங்க போடுங்க” என்றாள். “சும்மா இரு, மானம் போவுது” என்றேன். நான் அவளிடம் கடைசியாகப் பேசியது அதுதான். பிறகு மூன்று நிமிடம் இருக்குமா? இடது பக்கச் சந்திலிருந்து செங்கல் லாரி ஒன்று நேராக ரோட்டில் ஏறியது. அவள் உட்கார்ந்திருந்த பக்கம்.

ஸ்டேஷனில் லாரி டிரைவர் கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டே சொன்னான்: “சத்தியமா தெரியல சார். ரெண்டு பக்கமும் பாத்துட்டுத்தான் ஏறினேன். வண்டியும் ரோடும் ஒரே கலரு.” பொய் சொல்கிறான் என்று எல்லோரும் சொன்னார்கள். பேபி அவன் மேல் பாயப் போனாள், மனோகரன்தான் பிடித்துக்கொண்டான். லைட் போட்டிருந்தீர்களா என்று என்னையும் கேட்டார்கள். “பகல்தானே சார், லைட் எதுக்கு?” என்றேன்.

அவன் பொய் சொல்லவில்லை என்று எனக்கு மட்டும் தெரியும்.

பிப்ரவரி 1, செவ்வாய்

லைப்ரரியில் வெளிநாட்டு மோட்டார் பத்திரிகை ஒன்றைப் புரட்டினேன். ஸ்வீடன் தேசத்தில் எல்லாக் கார்களும் பகலிலும் விளக்கு எரியவிட்டுத்தான் ஓட வேண்டுமாம். சட்டமே போட்டிருக்கிறார்கள். புதுக் கார்களில் சாவியைத் திருப்பினால் தானே எரியும்படி செய்கிறார்களாம். பழைய கார்களிலும் பொருத்திக்கொள்ளலாம் என்று படம் போட்டிருந்தார்கள்.

அந்தப் பக்கத்தையே அரை மணி நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அங்கே யாரும் யாருக்கும் கையை ஆட்ட மாட்டார்கள்.

பிப்ரவரி 5, சனி

ஆவடி மார்க்கெட் பக்கம் ஆட்டோ எலக்ட்ரீஷியன் துலுக்கானத்திடம் காரைக் கொண்டுபோனேன். பத்து வருஷமாக இந்த வண்டிக்கு வயரிங் பார்க்கிறவன். விஷயத்தைச் சொன்னதும் பீடியை வாயிலிருந்து எடுத்துவிட்டான்.

“இன்னா சார், பட்டப்பகல்ல லைட்டா? மாப்ள ஊர்கோலம் போறியா?”

“போட முடியுமா, முடியாதா?”

“போட்லாம். இன்னாத்துக்குன்றேன். நூறு பேரு கைய ஆட்டுவான். அத்தினி பேருக்கும் பதிலு சொல்லிகினு வண்டி ஓட்டுவியா?”

அவன் புது இடது கதவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். பிறகு கேலி பேசவில்லை. பெரிய ஹெட்லைட்டை நாள் முழுக்க எரியவிட்டால் அந்தக் காலத்து டைனமோ தாங்காது என்று விளக்கினான். வண்டி நின்றுகொண்டிருக்கும்போது அதில் சார்ஜ் ஏறாது. அதனால் பம்பருக்கு மேலே இரண்டு சின்ன உருண்டை விளக்கு, இண்டிகேட்டருக்குப் போடுகிற பல்பு, நடுவில் ஒரு ரிலே.

“சாவிய திருப்னா எரியும், எடுத்தா அணையும். நீ ஒண்ணியும் பண்ணத் தேவல. எதுக்கும் டேஷ்போர்டுக்கு அடியில ஒரு சுவிட்சு வச்சிர்றேன். போலீசு கீலீசு கேட்டா அணைச்சிக்க.”

சரி என்றேன். சுவிட்ச் வேண்டாம் என்று அப்போதே சொல்லியிருக்க வேண்டும்.

பிப்ரவரி 6, ஞாயிறு

வேலை முடிந்தது. வெயிலில் பத்தடி தள்ளி நின்று பார்த்தேன். நன்றாகத் தெரிகிறது. இருநூறு அடியிலும் தெரிகிறது. சாம்பல் நிறம் மறைந்து இரண்டு விளக்குகள் மட்டும் வருவது போலிருக்கிறது.

பேபி இதைப் பார்த்தால் வந்துவிடுவாள் என்று தோன்றியது. ஏன் அப்படித் தோன்றியது?

பிப்ரவரி 13, ஞாயிறு

அம்பத்தூர் வரை ஓட்டிப் பார்த்தேன். குவார்ட்டர்ஸ் கேட்டிலேயே வாட்ச்மேன் கோவிந்தன் கையை மூடித் திறந்தார். பிறகு வழி நெடுகிலும். பஸ் டிரைவர், பால்காரர், குழந்தையை இடுப்பில் வைத்திருந்த ஒரு அம்மா. அந்த அம்மா மிச்சமிருந்த ஒரு கையால் காட்டினார். இத்தனை நல்லவர்கள் நிறைந்த ஊரில் ஒருத்தி செத்துப் போயிருக்கிறாள்.

அம்பத்தூர் ஓ.டி. முனையில் டிராஃபிக் கான்ஸ்டபிள் என்னைப் பார்த்ததும் பரபரவென்று மற்ற வண்டிகளை நிறுத்தினார். பகலில் விளக்கு போட்டு வருகிறது, உயிர் போகிற அவசரம், ஆஸ்பத்திரிக்குப் போகிறார்கள் என்று நினைத்துவிட்டார். ஒரு பக்க ரோடு முழுக்கக் காலி செய்து “போ, போ” என்றார். பக்கத்தில் வரும்போது குனிந்து உள்ளே பார்த்தார். நான் மட்டும்தான் இருந்தேன். அவர் முகம் போன போக்கை எப்படிச் சொல்வது. நான் நிறுத்தி மன்னிப்புக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை, காலி ரோட்டில் ஓட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

அன்று எங்களை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிக்கொண்டு போன வேனுக்கு யாரும் வழி விடவில்லை. இதை நினைத்தபோதும் ஒன்றும் வரவில்லை. கை காலெல்லாம் மரக்கட்டையாகக் கிடக்கிறது.

பிப்ரவரி 16, புதன்

பேட்டரி இறங்கிவிட்டது. ஜமீலாவின் வீட்டுக்காரர் தள்ளிவிட்டார். “விளக்கை அணைக்க மறந்துட்டீங்க போல” என்றார்.

பிப்ரவரி 19, சனி

பேபிக்குச் சனிக்கிழமை அரை நாள். விளக்கைக் காட்டலாம் என்று முகப்பேருக்குக் கிளம்பினேன். சட்டை இஸ்திரி போட்டுக்கொண்டேன். என்ன சொல்வது என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்தேன். பாரும்மா, இனிமேல் தூரத்திலேயே தெரியும், இனிமேல் ஒன்றும் ஆகாது.

பாடி தாண்டி ஒரு ஸ்கூல் வேன் முன்னால் போனது. பின் ஜன்னலில் ஏழெட்டுப் பிள்ளைகள். என்னைப் பார்த்ததும் எல்லாரும் ஒரே சமயத்தில் கையை மூடித் திறந்து, “அங்கிள் லைட்டூ, அங்கிள் லைட்டூ” என்று கத்தினார்கள். பக்கத்து ஸ்கூட்டர்காரர் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்.

மனோகரன் வீட்டு வாசலில் நிறுத்தி இறங்கி முன்னால் வந்து பார்க்கிறேன் — சாவி போட்டபடி இருக்கிறது, எஞ்சின் ஓடுகிறது, விளக்கு எரியவில்லை. பல்பு போய்விட்டதா என்று குனிந்தேன். பல்பு போகவில்லை. சுவிட்ச் அணைந்திருந்தது. நான்தான் அணைத்திருக்கிறேன். எப்போது என்றுகூட ஞாபகமில்லை. கை தானாகப் போயிருக்கிறது.

என்ன மனுஷன்யா நீ? பொண்டாட்டி செத்தும் புத்தி வரலியா? ஸ்கூல் பிள்ளைங்க சிரிச்சதுக்கா? இன்னும் எத்தனை பேரைக் கொன்னாத்தான் உனக்கு வெக்கம் போவும்?

மாடிக்குப் போகவில்லை. வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்துவிட்டேன்.

பிப்ரவரி 24, வியாழன்

லீவு போட்டு ஸ்டேஷனுக்குப் போனேன். அன்று விளக்கைப் போட்டு அணைத்தது நான்தான், டிரைவர் சொன்னது நிஜமாக இருக்கலாம் என்று எழுதிக் கொடுத்தேன். ரைட்டர் இரண்டு முறை படித்தார். “பகல்ல லைட் போடணும்னு சட்டம் இல்லையே சார். நீங்க ஏன் கெடந்து மனசப் போட்டுக் கொழப்பிக்கறீங்க?” என்றார். கெஞ்சித்தான் வாங்க வைத்தேன்.

பிப்ரவரி 27, ஞாயிறு

பஸ்ஸில் போனேன். பேபியிடம் சொல்லிவிட்டேன்.

மனோகரனும் இருந்தான். ஹாலில் டி.வி. ஓடிக்கொண்டிருந்தது, அவனே எழுந்து அணைத்தான். ஸ்டோர்ஸில் ரிப்போர்ட் படிப்பது போல நான் ஒரே மூச்சில் சொல்லி முடித்தேன்.

“அம்மா போடச் சொன்னாங்களா?” என்றாள் பேபி.

“சொன்னா.”

“போட்டுட்டு நீ அணைச்சியா?”

“ஆமா.”

“யாரு சொல்லி?”

“யாரோ. ரோட்ல போறவங்க.”

“யாரோவா?” என்றாள். “பேரு தெரியாதவன் எவனோ கைய ஆட்டினதுக்கா? அம்மா பக்கத்துல உக்காந்து சொல்லச் சொல்லவா?”

அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். மனோகரன் பஸ் ஸ்டாப் வரை கூட வந்தான். “இத நீங்க சொல்லாமலே இருந்திருக்கலாம் மாமா” என்றான். அக்காவைச் சொல்லி என்னை ஒரு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை. என் கையில் பஸ்ஸுக்குச் சில்லறை இருக்கிறதா என்று கேட்டான்.

மகளும் போய்விட்டாள். தெரிந்துதான் சொன்னேன்.

மார்ச் 6, ஞாயிறு

பேபி வரவில்லை.

மார்ச் 9, புதன்

காரைத் துடைத்தேன். எடுக்கவில்லை.

மார்ச் 13, ஞாயிறு

வரவில்லை. ஜமீலா மீன் குழம்பு கொடுத்தனுப்பினார். சாப்பிட்டேன். ருசி தெரியவில்லை. அவர் கையில் தப்பில்லை.

மார்ச் 20, ஞாயிறு

ஒருவர் காரை விலைக்குக் கேட்டு வந்தார். முத்தாபுதுப்பேட்டைக்காரர், பெயர் கங்காதரன். முன்னால் இரண்டு விளக்கு எதற்கு என்றார். சொன்னேன். “அத எடுத்துட்டுக் குடுங்க, ரோட்ல பாக்கறவன் சிரிப்பான்” என்றார். காரைக் கொடுப்பதாக இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

மார்ச் 27, ஞாயிறு

காலை பத்து மணிக்குப் பேபி வந்தாள். தன் மொபெட்டில், முகப்பேரிலிருந்து, அந்த வெயிலில். வீட்டுக்குள் வரவில்லை. கார் முன்னால் போய் நின்று அந்த இரண்டு விளக்குகளையும் தொட்டுப் பார்த்தாள். இளைத்திருந்தாள்.

“நீ சொல்லிட்டுப் போன மறுநாளு,” என்றாள், என்னைப் பார்க்காமல், “நானும் மொபெட்ல லைட்டப் போட்டுக்கினுதான் கம்பெனிக்குக் கெளம்பினேன்.”

“எதுக்கும்மா?”

“அணைக்காம போயிட்டு வந்து உன் மூஞ்சிக்கு நேரா சொல்லணும்னுதான். பாரு, என்னால முடியுது, உன்னால ஏன் முடியலன்னு. ஒரு மாசம் அப்படியே போயிட்டு வந்து கேக்கணும்னு இருந்தேன்.”

திட்டு வாங்கத் தயாராகத்தான் இருந்தேன்.

“எஸ்டேட் பஸ் ஸ்டாண்டு வரைக்கும்கூடத் தாங்கலப்பா. ஒரு பெரியவரு சைக்கிள நிறுத்தி எறங்கி வந்து சொன்னாரு. லைட்டு எரியுதும்மா, பாத்துப் போன்னாரு. தேங்க்ஸ்னு சொல்லிட்டு அணைச்சிட்டேன். அப்புறம்தான் என்னா பண்ணேன்னே தெரிஞ்சுது. மறுநாளு மறுபடியும் போட்டேன். மறுபடியும் அணைச்சேன். நாலு வாரமா தெனமும் போடறேன், தெனமும் எவனாவது கையக் காட்றான், தெனமும் அணைக்கறேன். அம்மா எப்படிச் செத்தாங்கன்னு தெரிஞ்சும் அணைக்கறேன்.”

பானெட்டில் கையை ஊன்றிக்கொண்டு அழுதாள். எனக்கு அவள் தோளைத் தொடக்கூடப் பயமாக இருந்தது. பிறகு தொட்டேன். தட்டிவிடவில்லை.

முகத்தைத் துடைத்துக்கொண்டு, “ரெண்டு வண்டிலயும் சுவிட்ச எடுத்துடுப்பா” என்றாள். “அது இருந்தா நாம அணைப்போம்.”

ஸ்க்ரூடிரைவரும் பிளேடும் எடுத்து வந்தேன். டேஷ்போர்டுக்கு அடியில் மல்லாந்து படுத்து சுவிட்சுக்குப் போகும் இரண்டு வயரையும் வெட்டி, ஒன்றாக முறுக்கி, டேப் சுற்றினேன். பேபி டார்ச் பிடித்தாள். மொபெட்டுக்குப் பேட்டரியே கிடையாது, வண்டி ஓடினால் விளக்குக்கு வேண்டியது கிடைத்துவிடும். சுவிட்சைக் கழற்றி வயரைச் சேர்த்ததோடு சரி. வேலை முடிந்து எழுந்திருக்கும்போது கண்ணில் தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. துருப்பொடி விழுந்துவிட்டது என்று முதலில் நினைத்தேன். இல்லை. நேரம் பதினொன்றே கால்.

அதன் பிறகு அழுகை நிற்கவே இல்லை.

“பூந்தமல்லி வரைக்கும் போயிட்டு வரலாம்” என்றாள் பேபி. ஏறி உட்கார்ந்தாள். அழுதுகொண்டேதான் ஓட்டினேன், ஆனால் மெதுவாக, ஒழுங்காக ஓட்டினேன். அந்தச் சந்து வந்தபோது வேகத்தைக் குறைத்தேன். மற்றபடி ஊர் மாறவில்லை. சைக்கிள்காரர்களும் ஆட்டோக்காரர்களும் டீக்கடை வாசலில் நிற்பவர்களும் கையை மூடி மூடித் திறந்தார்கள். ஒருவரையும் விடாமல் பேபி ஜன்னலில் தலையை நீட்டி, “தெரியும்ணே, எரியட்டும்!” என்று கத்திக்கொண்டே வந்தாள். பூந்தமல்லி வருவதற்குள் அவளுக்குத் தொண்டை கட்டிவிட்டது.